கென்னடி வாய்ஸ்: வான் மீடரின் 13 மாதங்கள்

1962 அக்டோபர் 22, திங்கட்கிழமை. மாலை 7 மணிக்கு அமெரிக்க அதிபர் ஜான் எஃப். கென்னடி தொலைக்காட்சியில் தோன்றி, கியூபாவில் சோவியத் ஏவுகணைகள் இருப்பதை நாட்டுக்குச் சொன்னார். அமெரிக்கா முழுக்க வயிற்றில் புளி கரைந்த அதே இரவில், நியூயார்க்கின் ஒலிப்பதிவுக் கூடம் ஒன்றில் 26 வயது இளைஞர் ஒருவர் அதே கென்னடியின் குரலில் பேசிக்கொண்டிருந்தார். எதிரே அழைப்பின்பேரில் வந்திருந்த கூட்டம் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது. கூட்டத்துக்கு அந்த உரையைப் பற்றித் தெரியாது. மைக் முன்னால் நின்றவர்களுக்குத் தெரியும்.

அந்த இளைஞர் வான் மீடர். அன்று பதிவானது ‘தி ஃபர்ஸ்ட் ஃபேமிலி’ என்ற நகைச்சுவை இசைத்தட்டு. அடுத்த சில வாரங்களில் அமெரிக்காவில் அதுவரை எந்தத் தட்டும் விற்காத வேகத்தில் அது விற்றது. சரியாக 13 மாதம் கழித்து, 1963 நவம்பர் 22 அன்று, கென்னடி சுட்டுக் கொல்லப்பட்டார்; மீடரின் தொழிலும் ஒரே பகலில் முடிந்துபோனது. பலகுரல் கலைஞர்கள் நடுவே இன்றும் பேசப்படும் கதை இது. பெரும்பாலும் ‘பாவம், விதி’ என்ற ஒரு வார்த்தையில் முடித்துவிடுவார்கள். விதியின் பங்கு இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அந்தத் தொழில் கட்டப்பட்ட விதத்தைப் பிரித்துப் பார்த்தால், எந்தத் தூணில் மொத்தப் பாரமும் நின்றது என்பது கொலைக்கு முன்பே தெரியும்.

மெயினில் இருந்து வந்தவர்

முழுப்பெயர் அபட் வான் மீடர். பிறந்தது 1936 மார்ச் 20, மெயின் மாநிலத்தின் வாட்டர்வில் ஊரில். கைக்குழந்தையாக இருக்கும்போதே தந்தை விபத்தில் இறந்தார். தாய் பிழைப்புக்காக பாஸ்டன் போக, பையன் உறவினர் வீடுகளிலும் குழந்தைகள் இல்லங்களிலும் மாறி மாறி வளர்ந்தான். பள்ளிப்படிப்பு முடித்தது பாஸ்டனை ஒட்டிய ப்ரூக்லைனில். ப்ரூக்லைன் கென்னடி பிறந்த ஊரும்கூட. இந்த ஒற்றுமையைப் பெரிதுபடுத்தத் தேவையில்லை, கென்னடி பணக்கார வீட்டுப் பிள்ளை. ஆனால் காது என்ற ஒன்று இருக்கிறதே. பத்து வயதில் எந்தப் பேச்சைச் சுற்றிக் கேட்கிறோமோ அது காதில் தங்கிவிடும். பிற்பாடு இந்தக் காதுதான் அவருக்கு மூலதனமும் ஆனது, சுமையும் ஆனது.

ராணுவத்தில் சேர்ந்து ஜெர்மனியின் மான்ஹைமில் பணியாற்றினார். அங்கே சக வீரர்களோடு நாட்டுப்புறப் பாட்டுக் குழு ஒன்றை நடத்தினார். திரும்பி வந்து நியூயார்க்கின் சிறிய விடுதிகளில் பியானோ வாசித்துக்கொண்டே பாட்டும் நகைச்சுவையும் கலந்து மேடை ஏறினார். அப்போது அவர் பலகுரல் கலைஞர் அல்ல. பியானோக்காரர். ஒரு நாள் நடுவில் கென்னடியின் குரலில் ஒன்றிரண்டு வரி பேசிப் பார்த்தார். கூட்டம் நிமிர்ந்து உட்கார்ந்தது. அந்தப் பகுதி மெல்ல மெல்ல நீண்டு, பாட்டைத் தின்றது.

குரலை எப்படிப் பிடித்தார்

கென்னடி வாய்ஸ் எடுப்பது சுலபம் என்று எல்லோரும் நினைப்பார்கள். தோற்றுப்போகிற இடமும் அதுதான். அந்த உச்சரிப்பில் காதில் விழுகிற விதிகள் மூன்று.

முதலாவது, சொல்லின் கடைசியில் வரும் ‘ர்’ விழுந்துவிடும். ‘விகர்’ என்பது ‘விகா’ ஆகும். கென்னடி அடிக்கடி பயன்படுத்திய சொல் அது, தெம்பு என்ற பொருளில். ‘கார்’ வெறும் ‘கா’ ஆகும். இரண்டாவது, இல்லாத இடத்தில் ‘ர்’ முளைக்கும். ‘கியூபா’ என்பதை அவர் ‘கியூபர்’ என்றார். மூன்றாவது, மற்ற அமெரிக்கர்கள் ‘ஹேஃப்’ என்று இழுக்கும் சொல்லை அவர் ‘ஹாஃப்’ என்பார். நம்மூர் ஆங்கிலத்திலும் ‘ஹாஃப்’தான் என்பதால் நம் காதுக்கு இது ஒன்றும் வித்தியாசமாகப் படாது. ஒஹாயோக்காரருக்கோ டெக்சஸ்காரருக்கோ அந்த ஓர் உயிரெழுத்து போதும், ஆள் யார் என்று தெரிந்துவிடும்.

புதிதாக எடுப்பவர்கள் செய்யும் பிழை, எல்லா ‘ர்’ஐயும் வெட்டிவிடுவது. அடுத்த சொல் உயிரெழுத்தில் தொடங்கினால் விழுந்த ‘ர்’ திரும்பி வந்து ஒட்டிக்கொள்ளும். சொல்லின் நடுவில் இரண்டு உயிர்களுக்கு இடையே இருக்கும் ‘ர்’ விழவே விழாது. இது தெரியாமல் வெட்டினால் குழந்தை மழலை பேசுவதுபோல் கேட்கும், கென்னடி போல் கேட்காது. மீடருக்கு இந்த விதிகளைப் படித்துத் தெரிந்துகொள்ள வேண்டிய அவசியமே இருக்கவில்லை. மெயினும் பாஸ்டனும் அடங்கிய நியூ இங்கிலாந்து வட்டாரத்துக்காரர், வாயிலேயே இருந்தது.

உச்சரிப்பு பாதிதான். மீதி தாளம். கென்னடியின் பேச்சில் சுருதி அதிகம் ஏறி இறங்காது, அழுத்தத்தைத் தருவது தாளம். சிறு சிறு துண்டுகளாகப் பேசுவார். துண்டின் கடைசிச் சொல்லில் குத்துவார், ஒரு இடைவெளி விடுவார், அடுத்த துண்டுக்குப் போவார். செய்தியாளர் சந்திப்பில் பதிலைத் தேடும்போது ‘ஆ...’ என்று ஒரு நிரப்பி வரும், பிறகு வாக்கியம் படபடவென்று ஓடும். அந்த ‘ஆ’வின் நீளம் கூடினால் திக்குவாய் போலாகிவிடும், குறைந்தால் ஆள் மாறிவிடும்.

இன்னொரு தேர்வையும் கவனிக்க வேண்டும். கென்னடிக்குக் குறைந்தது இரண்டு குரல்கள் உண்டு. ஒன்று பதவியேற்பு மேடையில் ஓங்கி ஒலித்த குரல். மற்றது செய்தியாளர்களிடம் பேசிய குரல், லேசான கிண்டல் கலந்தது. முதல் குரலை வைத்துக்கொண்டு 40 நிமிடம் சிரிக்க வைக்க முடியாது. இரண்டு நிமிடத்தில் காது களைத்துவிடும். மீடர் இரண்டாவதைத்தான் அடிப்படையாக எடுத்தார். விரலால் காற்றைக் குத்தும் சைகை மேடையில் உதவியது. தட்டில் அது யாருக்குத் தெரியும்? ஆகவே தட்டில் எல்லாமே தொண்டையை நம்பித்தான் நின்றது.

இந்தக் குரல் நாடு முழுக்கத் தெரிந்திருந்ததற்குக் காரணம் கென்னடியே. தன் செய்தியாளர் சந்திப்புகளைத் தொலைக்காட்சியில் நேரலையாக விட்ட முதல் அதிபர் அவர். முதல் சந்திப்பு 1961 ஜனவரி 25 அன்று. மொத்தம் 64 சந்திப்புகள். நகல் எடுக்கப்படுபவரின் குரல் கூட்டத்தின் காதில் எந்த அளவுக்கு ஏறியிருக்கிறதோ, அந்த அளவுக்குத்தான் நகலுக்குக் கைத்தட்டல் விழும். முன்பு அதிபராக இருந்த ஐசன்ஹோவரை யாரும் இந்த அளவுக்குத் தட்டு போட்டு விற்கவில்லை.

தட்டின் உள்வேலை

பாப் புக்கர், ஏர்ல் டவுட் என்ற இருவர் வெள்ளை மாளிகைக் குடும்பத்தை வைத்து நகைச்சுவைத் துணுக்குகள் எழுதி வைத்திருந்தார்கள். தொலைக்காட்சியில் மீடரைப் பார்த்ததும் ஆள் கிடைத்துவிட்டார். ஜாக்குலினாக நவோமி ப்ராஸார்ட். இந்தத் தேர்வும் தற்செயல் அல்ல. அதே ஆண்டு பிப்ரவரி 14 அன்று ஜாக்குலின் கென்னடி தொலைக்காட்சியில் வெள்ளை மாளிகையைச் சுற்றிக் காட்டியிருந்தார். மூச்சுக் காற்று கலந்த அந்த மெல்லிய குரல் எல்லார் காதிலும் இன்னும் இருந்தது.

தட்டை வெளியிட ஆள் கிடைப்பதுதான் பாடாக இருந்தது. பெரிய நிறுவனங்கள் கையை விரித்தன. ஏபிசி தொலைக்காட்சி நிறுவனத்தில் உயர் பதவியில் இருந்த ஜேம்ஸ் ஹேகர்ட்டி, முன்பு ஐசன்ஹோவரின் செய்திச் செயலாளராக இருந்தவர். இது அதிபர் பதவியையே கேவலப்படுத்தும் என்று அவர் மறுத்ததாகப் புக்கர் பின்னாளில் சொன்னார். கடைசியில் ஆர்ச்சி ப்ளேயர் நடத்திய கேடன்ஸ் என்ற சிறிய நிறுவனம் ஒப்புக்கொண்டது. எவர்லி சகோதரர்களையும் ஆண்டி வில்லியம்ஸையும் வளர்த்த நிறுவனம் அது.

எழுத்தின் சூத்திரம் இதுதான்: பெரிய தொனி, சின்ன விஷயம். ஒரு காட்சியைக் கிட்டத்தில் பார்க்கலாம். குளியல் தொட்டியில் குழந்தைகள் விளையாடும் பொம்மைகளை அதிபர் பங்கு பிரிக்கிறார். எந்தப் பொம்மை கேரலைனுக்கு, எது ஜானுக்கு என்று, வெளியுறவுக் கொள்கை அறிக்கை வாசிக்கும் அதே நிதானத்தில், துண்டு துண்டாக, ஒவ்வொன்றுக்கும் இடைவெளி விட்டு அறிவிக்கிறார். கடைசியில் ரப்பர் அன்னம் மட்டும் தனக்கு என்று முடிக்கிறார்.

இதில் நகைச்சுவை எங்கே இருக்கிறது? வரியைத் தாளில் படித்தால் புன்னகைகூட வராது. பட்டியல் வாசிக்கும் தாளம் கூட்டத்துக்கு ஏற்கெனவே பழக்கம். சில முறை அந்தத் தாளம் ஒரே மாதிரி விழுந்தபிறகு, கடைசியில் அதே தாளத்தில் ஒரு அற்ப ஆசை வந்து உட்கார்கிறது. குரலைக் கொஞ்சம் கோமாளித்தனமாக்கியிருந்தால் காரியம் கெட்டிருக்கும். அன்னம் வரும் வரியிலும் அதிபர் அதிபராகவே இருக்க வேண்டும். மீடர் அந்த வரியில் அசையவே இல்லை. தட்டு முழுவதிலும் அவருடைய மிகச் சிறந்த வேலை அந்த அசையாமைதான் என்பது எங்கள் எண்ணம்.

இன்னொரு கைவேலையும் உண்டு. காதால் மட்டும் கேட்கும் நிகழ்ச்சியில் குரலை அடையாளம் கண்டுகொள்ள ஓரிரு நொடிகள் ஆகும். அந்த நொடிகளில் நகைச்சுவை விழுந்தால் வீண். அதனால் நிறைய இடங்களில் முதலில் செய்தியாளரோ மனைவியோ பேசுகிறார், ‘மிஸ்டர் பிரசிடெண்ட்’ என்றோ ‘ஜாக்’ என்றோ கூப்பிட்டுவிடுகிறார். கூட்டம் தயாராகிறது. பிறகுதான் மீடர் வாயைத் திறக்கிறார். மேடை மிமிக்ரியில் ‘அடுத்து இவர் வந்தா எப்படி இருக்கும்’ என்று சொல்லிவிட்டுத் திரும்பி நிற்பார்களே, அதே உத்தி. வசனத்துக்குள் மறைத்து வைத்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

கூட்டத்தை வைத்துப் பதிவு செய்ததும் ருசிக்காக மட்டும் அல்ல. பலகுரலில் இடைவெளி என்பது சிரிப்புக்கு விடும் இடம். எதிரே ஆள் இல்லாமல் பதிவு செய்தால் அந்த இடத்தைக் கணக்குப் போட்டு விட வேண்டும், கணக்கு எப்போதும் தப்பும். அதனால்தான் அந்த அக்டோபர் இரவு தப்பிப் பிழைத்ததே பெரிய காரியம். அதிபரின் உரையைக் கேட்டுவிட்டு வந்த கூட்டமாக இருந்திருந்தால் அந்தச் சிரிப்பு கிடைத்திருக்காது என்று புக்கரே சொல்லியிருக்கிறார். சிரிப்பு இல்லாத பதிவை எந்த வானொலி போடும்?

75 லட்சம் தட்டுகள்

நவம்பரில் தட்டு கடைக்கு வந்தது. ஏவுகணை நெருக்கடி அக்டோபர் 28 அன்றே தணிந்திருந்தது. ஒரு வாரம் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்த நாடு, அதே அதிபரை வீட்டு மனிதராகக் கேட்டுச் சிரிக்கத் தயாராக இருந்தது. விற்பனைக்கு இதுவும் ஒரு காரணம் என்றே நினைக்கிறோம். கிறிஸ்துமஸ் பரிசுக் காலம் இன்னொரு காரணம். காட்சிகள் தனித்தனித் துண்டுகளாக, பாட்டு அளவுக்கே இருந்ததால் வானொலியில் பாட்டுப் போலவே சுழற்ற முடிந்தது மூன்றாவது காரணம்.

முதல் ஆறரை வாரங்களில் வாரத்துக்கு 10 லட்சம் என்ற கணக்கில் போனது. மொத்த விற்பனை 75 லட்சம் என்று சொல்கிறார்கள். இசைத்தட்டு விற்பனையை வரிசைப்படுத்தும் பில்போர்டு பட்டியலில் 12 வாரம் முதலிடம். 1963இல் நடந்த கிராமி விழாவில் அந்த ஆண்டின் சிறந்த இசைத்தட்டு விருது. பாடகர்களை எல்லாம் ஓரம் தள்ளி ஒரு நகைச்சுவைத் தட்டுக்கு அந்த விருது கிடைப்பது அரிது. அதற்கு முன்பு பாப் நியூஹார்ட்டுக்குக் கிடைத்திருந்தது.

கென்னடியும் கேட்டார். 1962 டிசம்பரில் செய்தியாளர் ஒருவர் இதைப் பற்றிக் கேட்டபோது, தட்டைக் கேட்டதாகவும், தன்னைவிடத் தம்பி டெட்டியைப் போலத்தான் இருக்கிறது என்றும், இப்போது டெட்டிக்குத்தான் கோபம் என்றும் பதில் சொன்னார். கட்சிக் கூட்டம் ஒன்றில், மீடருக்கு நேரம் இல்லை, அதனால் நானே வந்துவிட்டேன் என்று தொடங்கினார்.

டெட்டி விஷயத்தில் கென்னடியின் காது தப்பவில்லை என்பதையும் சொல்லிவிடலாம். மீடரின் நகலில் உச்சரிப்பு உண்மைக்கும் ஒரு படி அதிகம். கேலிச்சித்திரக்காரர் மூக்கைக் கொஞ்சம் நீட்டுவாரே, அப்படி. நகல் அசலோடு முழுக்கப் பொருந்தினால் கூட்டம் வியக்கும், சிரிக்காது.

1963இல் இரண்டாம் பாகம் வந்தது. நன்றாகவே விற்றது, முதல் பாகத்தின் பக்கத்தில் நிற்கவில்லை. மேடை, தொலைக்காட்சி, பயணம் என்று மீடர் ஓடிக்கொண்டிருந்தார். எங்கே போனாலும் கேட்கப்பட்டது ஒன்றே ஒன்று. பியானோ ஓரத்தில் கிடந்தது.

மில்வாக்கி டாக்சி

1963 நவம்பர் 22, வெள்ளிக்கிழமை. நிகழ்ச்சிக்காக மில்வாக்கி வந்து இறங்கிய மீடர் டாக்சியில் ஏறினார். டாலஸில் கென்னடிக்கு நடந்ததைக் கேட்டீர்களா என்று ஓட்டுநர் கேட்டார். கென்னடி துணுக்கு சொல்லாத ஆளே இல்லை என்ற நிலையில் ஒரு வருடமாக வாழ்ந்தவர் மீடர். இதுவும் துணுக்குதான் என்று நினைத்து, இல்லையே, சொல்லுங்கள், எப்படிப் போகும் என்று கேட்டார். அடுத்து வண்டியின் வானொலி பேசியது. பிற்காலத்தில் அவரே பலமுறை சொன்ன சம்பவம் இது.

அன்றே நிகழ்ச்சிகள் ரத்தாகத் தொடங்கின. தட்டுகளைக் கடைகளிலிருந்து திரும்ப எடுத்துக்கொண்டார்கள், மரணத்தில் காசு பார்த்தார்கள் என்ற பேச்சு வரக்கூடாது என்பதற்காக. ஜோயி பிஷப்பின் தொலைக்காட்சித் தொடரில் அவர் நடித்துப் பதிவாகியிருந்த ஒரு பகுதி ஒளிபரப்பாகவே இல்லை. நகைச்சுவைக் கலைஞர் லென்னி ப்ரூஸ் அடுத்து மேடை ஏறியபோது நீண்ட மௌனத்துக்குப் பிறகு, வான் மீடர் தொலைந்தான் என்று ஒரே வரியில் சொன்னதாகப் பல வடிவங்களில் வழங்குகிறது. அச்சிட முடியாத சொல்லைத்தான் அவர் பயன்படுத்தினார். தொழில் தெரிந்தவர் சொன்ன தொழில் கணிப்பு அது.

ஏன் மீள முடியவில்லை

குரல் போகவில்லை, திறமை போகவில்லை, 27 வயது. ஒரு வருடம் ஒதுங்கியிருந்து திரும்பி வந்திருக்கலாமே என்று தோன்றும். முயலாமல் இல்லை. 1964இல் வெர்வ் நிறுவனத்துக்காக கென்னடி இல்லாத நகைச்சுவைத் தட்டு ஒன்று போட்டார். 1971இல் காமசூத்ரா என்ற இசைத்தட்டு நிறுவனத்தில் இன்னொன்று. இயேசு இன்றைய அமெரிக்காவுக்குத் திரும்பி வந்தால் என்ன ஆகும் என்ற கற்பனை. வானொலிகள் தொடப் பயப்படும் விஷயம், வியாபாரம் ஆகவில்லை. 1975இல் ‘லெப்கே’ படத்தில் வானொலிச் செய்தியாளர் வால்டர் வின்ச்செல் வேடம். எதுவும் தொழிலைத் திருப்பித் தரவில்லை. நடுவில் மதுவும் போதைப்பொருளும் புகுந்தன. அதை அவரே பேட்டிகளில் மறைக்காமல் சொன்னார்.

காரணங்களை வரிசைப்படுத்தினால் மேலோட்டமானது முதலில் வரும்: பெயர் என்றாலே கென்னடி. சுவரொட்டியில் ‘வான் மீடர்’ என்று படித்த கணத்திலேயே பார்ப்பவர் மனதில் டாலஸ் வந்து நிற்கும். நுழைவுச் சீட்டு வாங்குவதற்கு முன்பே மனம் கனத்துவிட்ட கூட்டத்தைச் சிரிக்க வைக்க யாரால் முடியும்?

இதைவிட ஆழமான சிக்கல் தொண்டையில் இருந்தது. பலகுரல் கலைஞருக்கு அடிக்குரல் என்று ஒன்று வேண்டும். எந்தக் குரலிலும் சேராத சொந்தக் குரல். ஒரு வாய்ஸிலிருந்து இறங்கி நின்று மூச்சு வாங்கும் திண்ணை அது. அசலிலிருந்து அந்தத் திண்ணை எவ்வளவு தூரத்தில் இருக்கிறதோ, அவ்வளவு பாதுகாப்பு. மீடரின் சொந்தப் பேச்சே நியூ இங்கிலாந்துப் பேச்சு. கென்னடியை எடுக்க அவருக்கு உதவிய அதே வாய், கென்னடியை விட வேண்டியபோது எதிரியானது. தன் குரலிலேயே வணக்கம் சொன்னாலும் ‘ர்’ விழும், இறந்தவர் அரங்குக்குள் வந்துவிடுவார்.

மூன்றாவது, பார்வையாளர் வாங்கியது எது என்பது. அவர்கள் வாங்கியது நகலை மட்டும் அல்ல, கென்னடி குடும்பத்தின்மீது அன்று இருந்த பிரியத்தை. அந்த நகைச்சுவையில் விஷம் கிடையாது. படித்துப் பாருங்கள், ஒரு வரிகூட அரசியலாகக் கடிக்காது. பிரியம்தான் 75 லட்சம் தட்டுகளை விற்றது. பிரியம் துக்கமாக மாறியதும் அதே தட்டு வீட்டில் வைக்கக் கூசும் பொருளாகிவிட்டது. கடிக்கிற நகைச்சுவையாக இருந்திருந்தால் இவ்வளவு விற்றிருக்காது, ஆனால் மீடருக்கு ‘நையாண்டிக்காரர்’ என்ற தனி அடையாளமாவது மிஞ்சியிருக்கும்.

நேரமும் கொடுக்கவில்லை. பெயர் தெரிந்ததிலிருந்து தொழில் முடிந்ததுவரை ஒரே ஒரு வருடம். அந்த வருடத்தில் இரண்டாவது குரல், மூன்றாவது குரல் என்று மேடையில் பழக்கியிருந்தால் என்ற கேள்வி சுலபமாக வரும். நிகழ்ச்சி ஏற்பாட்டாளர் கென்னடிக்குப் பணம் கொடுக்கும்போது பத்து நிமிடத்தை வேறு ஒருவருக்குக் கொடுக்கச் சொல்லிப் பாருங்கள், எத்தனை பேர் விடுவார்கள் என்று.

மற்றவர்கள் வைத்திருந்த மாற்று ஏற்பாடு

கனடாவின் ஒட்டாவாவில் பிறந்த ரிச் லிட்டில் நூற்றுக்கணக்கான குரல்களோடு அதே தலைமுறையில் தொழில் செய்தவர். அதிபர் நிக்சனை அருமையாக எடுப்பார். நிக்சன் 1974இல் பதவி விலகினார், லிட்டில் தொடர்ந்து மேடையில் இருந்தார். நிக்சனையே பிரதானமாக வைத்திருந்த டேவிட் ஃப்ரை அதே நிகழ்வில் சரிந்தார். இதை ஒப்பிட்டால் மீடரின் விஷயம் தெளிவாகும்: ஆள் இறக்கக்கூட வேண்டாம், பதவி போனாலே போதும்.

இங்கிலாந்தின் மைக் யார்வுட் இன்னும் நுட்பமான உதாரணம். ஹெரால்ட் வில்சன், எட்வர்ட் ஹீத் என்று பிரதமர்களை எடுத்தே நாட்டின் செல்லப்பிள்ளை ஆனவர். 1977 கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியை 2 கோடியே 14 லட்சம் பேர் பார்த்தார்கள். 1979இல் மார்கரெட் தாட்சர் பிரதமராக வந்தார். பெண் குரல், யார்வுட்டால் எடுக்க முடியவில்லை, ஜேனட் ப்ரவுனை அழைத்துச் செய்ய வேண்டியிருந்தது. நாட்டின் முதல் குரல் கைக்கு எட்டாமல் போனதும் அவருடைய தேர் மெல்ல நின்றது. ஆனால் ஒரு ஏற்பாட்டை அவர் செய்து வைத்திருந்தார். நிகழ்ச்சி முடிவில் ‘இது நான்’ என்று சொல்லிவிட்டுத் தன் சொந்தக் குரலில் ஒரு பாட்டுப் பாடுவார். சாதாரணப் பாட்டுதான், விமர்சகர்கள் கிண்டல் செய்ததும் உண்டு. இருந்தாலும் வாராவாரம் பார்வையாளருக்குத் தன் அடிக்குரலைப் பழக்கினார். நல்ல பியானோக்காரரான மீடரின் மேடையில் அதற்கு இடமே இருக்கவில்லை.

அமெரிக்க நகைச்சுவை நடிகர் டேனா கார்வி, அதிபர் ஜார்ஜ் புஷ்ஷை (தந்தை) எடுத்த விதம் வேறு. அசலில் இல்லாததைக் கண்டுபிடித்துச் சேர்த்தார். குழந்தைகள் நிகழ்ச்சி நடத்தும் மிஸ்டர் ராஜர்ஸ், கௌபாய் பட நாயகன் ஜான் வெய்ன் ஆக முயன்றால் எப்படி இருக்குமோ அதுதான் தன் புஷ் என்று விளக்கினார். அவர் செய்தது குரல் நகல் என்பதைவிட ஒரு பாத்திரப் படைப்பு. 1992இல் தேர்தலில் தோற்ற புஷ், டிசம்பரில் அவரை வெள்ளை மாளிகைக்கே அழைத்து ஊழியர்கள் முன்னால் தன்னைப்போல் நடிக்கச் சொன்னார். புஷ் பதவியிலிருந்து போனபின்னும் கார்விக்குத் தொழில் இருந்தது. கூட்டம் கார்வியை அவர் பெயருக்காகவே பார்க்கப் பழகியிருந்தது.

ஹாலோவெல்

1981இல் அதிபர் ரீகன் குடும்பத்தை வைத்து ரிச் லிட்டில் ஒரு தட்டு வெளியிட்டார். முதல் தட்டின் தொடர்ச்சி என்பது தலைப்பிலேயே தெரியும். அதில் மீடரும் பேசினார். கென்னடியாக அல்ல, துணைக் குரல்களில். கேட்பவர்களில் பாதிப் பேருக்கு அவர் இருக்கிறார் என்றே தெரிந்திருக்காது.

பிறகு அவர் மெயினுக்கே திரும்பினார். ஹாலோவெல் என்ற சிறிய ஆற்றங்கரை ஊரில் மதுவிடுதியில் வேலை, இசைக்குழுவோடு பியானோவும் நாட்டுப்புறப் பாட்டும். 20 வயதில் மான்ஹைமில் செய்துகொண்டிருந்ததே. சுவரொட்டியில் போட்டுக்கொண்ட பெயர் அபட் மீடர். முழுப்பெயரின் முதல் பகுதி, அந்தப் புகழ்பெற்ற தட்டில் இல்லாத பகுதி.

2004 அக்டோபர் 29 அன்று மெயினின் ஆபர்ன் ஊரில், நுரையீரல் நோயால், 68 வயதில் இறந்தார். ‘தி ஃபர்ஸ்ட் ஃபேமிலி’ பின்னர் லைப்ரரி ஆஃப் காங்கிரஸின் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் சேர்ந்தது. அமெரிக்காவின் பழைய பொருள் கடைகளில் இசைத்தட்டுப் பெட்டியைக் கிளறினால் இன்றும் கைக்குக் கிடைப்பது அது, ஒன்றிரண்டு டாலருக்கு. அவர் இறந்தபோது வந்த இரங்கல் செய்திகளின் தலைப்புகள் அபட் என்று போடவில்லை. வான் என்றே போட்டன, பக்கத்தில் கென்னடியின் பெயரோடு.